பிரிக்காத மூட்டை

விதை சாரிடம் யாராவது நெல்லை நீட்டினால், உடனே இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொள்வார். டீக்கடையானாலும் பஸ் நிறுத்தமானாலும் கல்யாணப் பந்தலானாலும் அப்படித்தான். எங்கள் பக்கத்து விவசாயிகள் மடியிலிருந்து ஒரு கைப்பிடி நெல்லை அள்ளி, "சார், இது தேறுமா பாருங்க" என்பார்கள். அவர் குனிந்து பார்ப்பார். மூக்கருகே கொண்டுபோனால் முகர்ந்தும் பார்ப்பார். கையில் மட்டும் வாங்க மாட்டார்.

"பரிசோதனைக்குப் போனாத்தான் தெரியும்ங்க."

"அது தெரிஞ்சதுதானே சார். ஒங்க கண்ணுக்கு எப்படித் தெரியுது?"

"என் கண்ணுக்குத் தெரியறது எங்கயும் செல்லாதுங்க."

கேட்டவர் நெல்லை மறுபடி மடியில் போட்டுக்கொண்டு, இந்த ஆளுக்கு எதற்கு அரசாங்கச் சம்பளம் என்று முணுமுணுத்துக்கொண்டே போவார். விதை சார் அதன்பிறகுதான் கையை அவிழ்ப்பார்.

சுரக்குடியில் எங்கள் வீட்டு மாடியறையில் அவர் வாடகைக்கு இருந்தார். வேளாண்மைத் துறையில் விதை ஆய்வாளர். கடையில் விற்கும் விதையில் சட்டப்படி மாதிரி எடுத்து ஆய்வுக்கூடத்துக்கு அனுப்புவதும், முளைப்பு குறைவாக இருந்தால் விற்றவர்மேல் வழக்குப் போடுவதும் அவர் வேலை. ஊரில் ஒருவரும் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. எல்லோருக்கும் விதை சார்தான்.

சொந்த ஊர் பாண்டிச்சேரி. மனைவி அங்கே ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். காரைக்காலுக்கு மாற்றல் என்றால் பாண்டிக்காரர்கள் நாடு கடத்தப்பட்டவர்களைப் போல முகத்தை வைத்துக்கொள்வார்கள். இரண்டும் ஒரே அரசாங்கம்தான், ஆனால் நடுவில் தமிழ்நாடு கிடக்கிறது. சீர்காழி, சிதம்பரம், கடலூர் என்று அதைக் கடந்து போவதற்குள் இடுப்பு விட்டுப்போகும். "ஒரு வருஷந்தாம்மா, போயிடுவேன்" என்று சொல்லித்தான் குடிவந்தார். கொண்டுவந்த இரும்புப் பெட்டியிலிருந்த சாமான்களை அலமாரியில் எடுத்துவைக்கவே இல்லை. தினமும் காலையில் பெட்டியைத் திறந்து சட்டை எடுப்பார், சாயங்காலம் மடித்து அதிலேயே வைப்பார். இரண்டு வருஷம் அப்படித்தான் போயிற்று.

ஊருக்குப் போகாத ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டில் சாப்பிடுவார்.

"கொழம்பு நல்லா இருக்கா சார்?"

"சூடா இருக்கும்மா."

என் வீட்டுக்காரர் சோற்றை வாயில் வைத்துக்கொண்டு சிரிப்பார். எங்கள் பெண் அப்போது ஐந்தாவது படித்தாள். அவள் அவருக்கு 'தெரியாது மாமா' என்று பேர் வைத்திருந்தாள். ஒருமுறை அவளுக்குக் காய்ச்சல் இறங்கவே இல்லை. "டைபாய்டா இருக்குமோ சார்?" என்று நான் பதறியபோது, "ரத்தம் எடுத்துப் பாக்கணும்மா" என்றார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இருக்காது என்று ஒரு வார்த்தை சொன்னால் என்ன குறைந்துவிடும்? ஆனால் அடுத்த நிமிஷம் வண்டியைக் கிளப்பி, எங்கள் இருவரையும் ஏற்றிக்கொண்டு காரைக்காலுக்குப் போனவரும், ரிசல்ட் வரும்வரை ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்றே இருந்தவரும் அவர்தான்.

ஏன் இப்படி இருக்கிறார் என்பதை ஒரே ஒரு நாள் சொன்னார். வெளியே மழை. சாப்பிட்டுவிட்டு வாசலில் உட்கார்ந்திருந்தார். என் வீட்டுக்காரர்தான் பேச்சைக் கிளப்பினார்.

"வேலைக்குச் சேந்த புதுசுங்க. ஒரு கடையில மாதிரி எடுக்கறேன். நெல்லு கொஞ்சம் கறுத்திருந்துச்சு. பத்துப் பேர் நிக்கறப்ப, 'இதெல்லாம் எங்க மொளைக்கப் போவுது'ன்னு வாய விட்டுட்டேன். அன்னிக்கே அவர் கடை காலி. மூணு வாரம் கழிச்சு ரிசல்ட் வருது, நல்ல விதை. பிரமாதமான விதை. வெறும் மழையில நனைஞ்சு காஞ்ச நிறம்."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன. வெதைக்கிற பட்டம் கடந்துபோச்சு, அவர் விதை அவரோட நின்னுபோச்சு. சண்டைக்கெல்லாம் வரல. ஆனா நான் ஒரு தெருவுல வந்தா அவர் அடுத்த தெருவுல திரும்பிடுவாரு." காலைச் சாரலிலிருந்து உள்ளே இழுத்துக்கொண்டார். "எனக்குத் தெரியும்ங்கறது வேற, நான் சொல்லலாம்ங்கறது வேறங்க."

அவர் கெட்டவரில்லை என்று அன்று எனக்குப் புரிந்தது. அவரோடு ஒரு கஷ்டத்தில் மாட்டிக்கொண்டால் எப்படியிருக்கும் என்பது அப்போது தெரியாது.

காரைக்கால், மூன்று பக்கம் தமிழ்நாடும் ஒரு பக்கம் கடலுமாக அடைபட்ட இடம். எங்களுக்கு அது ஒரு பொருட்டே இல்லை. பெண் கொடுப்பதும் எடுப்பதும் எல்லாம் அந்தப் பக்கத்தோடுதான். நானே அங்கிருந்து வாக்கப்பட்டு வந்தவள். விதை சாருக்குத்தான் அது நிஜமான கோடு. மேற்கே அம்பகரத்தூரைத் தாண்டி எங்கள் பக்கத்துக் கடைசிச் சாராயக்கடை எங்கே முடிகிறதோ, அங்கே அவர் அதிகாரமும் முடிந்தது. அதிலிருந்து கூப்பிடு தூரத்தில் என் அண்ணன் விதைக்கடை வைத்திருந்தார். கடையின் மஞ்சள் பலகை இந்தப் பக்கம் நின்று பார்த்தாலே தெரியும். எங்கள் ஊர் ஆட்களில் பாதிப்பேர் அங்கேதான் விதை வாங்குவார்கள். விதை சார் சில நாள் எல்லையில் டீ குடித்துக்கொண்டு அந்தப் பலகையைப் பார்ப்பார் என்று என் வீட்டுக்காரர் சொல்வார். அங்கிருந்த ஒரு ரூபாய் போனில் பேசக்கூட அந்தக் கடைக்குள் கால் வைத்ததில்லை.

சுனாமி வந்துபோய் இரண்டு வருஷம் இருக்கும். அந்த வருஷம் மேட்டூர்த் தண்ணீர் எங்கள் கடைமடைக்குத் தாமதமாக வந்து சேர்ந்தது. ஆற்றில் தண்ணீர் தெரிந்ததும் எல்லோரும் ஒரே நேரத்தில் விதைக்கு ஓடினார்கள். அரசாங்க விதை டெப்போவில் இருப்பு இல்லை என்று கைவிரித்துவிட்டார்கள். அண்ணன் கடையில் மூட்டை மூட்டையாக இறங்கியிருந்தது. சான்று விதைக்குரிய நீல அட்டை தைத்த, சீல் வைத்த மூட்டைகள். ஊரே வாங்கியது. நாங்களும் வாங்கினோம். எங்கள் சொந்த நிலத்துக்கு உடனே தேவைப்பட்டதைப் பிரித்து ஊறப்போட்டோம். குத்தகை நிலத்துக்கு இன்னும் தண்ணீர் ஏறவில்லை. அதற்கான இரண்டு மூட்டைகளை மாடிப்படியின் அடியில், நடையில் அடுக்கிவைத்தோம்.

விதைநெல்லைச் சாக்கில் கட்டி ஒரு நாள் ஊறவைத்து, பிறகு வைக்கோல் போட்டு மூடி இன்னொரு நாள் வைத்தால், வெள்ளை வெள்ளையாக முனை தள்ளியிருக்க வேண்டும். எங்கள் சாக்கைப் பிரித்தபோது புளித்த வாடைதான் அடித்தது. கையை உள்ளே விட்டால் சூடு. அள்ளிப் பார்த்தால் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் முளை, மற்றதெல்லாம் ஊறிய நெல். என் வீட்டுக்காரர் சாக்கின் வாயை மறுபடி கட்டினார். பக்கத்து வீட்டு அஞ்சலை அக்கா அதற்குள் தன் சாக்கைத் தெருவிலேயே கொட்டியிருந்தார். புருஷன் போனபிறகு கோயில் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்துத் தனியாகப் பயிர் வைக்கிறவர். கொட்டிய நெல்லின் நடுவே குந்தி, முளைத்ததைத் தனியாகப் பொறுக்கி முந்தானையில் போட்டுக்கொண்டிருந்தார். ஒரு மூட்டை நெல்லில் அப்படிப் பொறுக்க முடியுமா?

சாயங்காலம் எல்லோரும் எங்கள் வாசலில் கூடிவிட்டார்கள். விதை சார் ஆபீஸிலிருந்து வந்தவர், செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றார். கை பின்னால்.

"பிரிச்ச மூட்டை எதுக்கும் ஆவாதுங்க" என்றார். "வேற நெல்லைக் கலந்துட்டாங்கன்னு வித்தவர் சொன்னா, இல்லன்னு நான் எப்படிச் சொல்றது? தையல் பிரியாம, அட்டை கிழியாம ஒரு மூட்டை வேணும். ஒண்ணு இருந்தாப் போதும். வாங்கினவர்கிட்டயிருந்தும் மாதிரி எடுக்கச் சட்டத்துல எடமிருக்கு."

"எல்லாரும்தான் ஊறப் போட்டுட்டமே சார்" என்றார் அஞ்சலை அக்கா.

என் வீட்டுக்காரர் தரையைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். விற்றவர் என் அண்ணன் என்பது அங்கே நின்ற எல்லோருக்கும் தெரியும், அதனாலேயே யாரும் அவர் பேரை எடுக்கவில்லை. வாசலுக்கு நேர் உள்ளேதான் நடை. தினமும் அந்த இரண்டு மூட்டைகளையும் உரசிக்கொண்டுதான் விதை சார் மாடி ஏறுவார். அன்று அவர் கண் ஒருமுறைகூட அந்தப் பக்கம் போகவில்லை. போகாததை வைத்தே, அவர் மனதில் அவைதான் நிற்கின்றன என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

கூட்டம் கலைந்தபிறகு படியருகே வந்து நின்றார்.

"அம்மா, நாளைக்குக் காலையில நான் ஆபீஸ் வேலையா இந்த வீட்டுக்கு வருவேன்."

"வராம இருக்க முடியாதா சார்?"

"முடியாதும்மா. எனக்குத் தெரிஞ்சுபோச்சு."

"அண்ணன் சார் அது. கூடப்பொறந்தது."

"தெரியும்மா."

"நாங்க என்ன செய்யணும்ங்கிறீங்க?"

ஏதோ சொல்ல வாயெடுத்தார். பிறகு தலையை ஆட்டிவிட்டு மாடிக்குப் போய்விட்டார். கதவு சாத்துகிற சத்தம் கேட்டது.

விளக்கு வைக்கிற நேரத்துக்கு அண்ணன் மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினார். அதற்குள் யாரோ செய்தி சொல்லிவிட்டார்கள். தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

"கலா, குத்தகைக் கொல்லைக்கு வாங்குன மூட்டை இருக்கா?"

"இருக்குண்ணா."

"பிரிச்சிட்டீங்களா?"

"இல்ல."

"நல்லதாப் போச்சு. இப்பவே பிரிச்சு ஊறப் போடு. நாளைக்கு வேற எடத்துலேருந்து நாலு மூட்டை கொண்டாந்து எறக்கிடறேன்."

"அஞ்சலை அக்காவுக்கு?"

"ஊருக்கெல்லாம் நான் எங்கடி போவேன்?" அண்ணனின் குரல் உடைந்தது. "நானும் ஏமாந்தவந்தாண்டி. மொத்த யாவாரி சீல் வச்சுக் குடுத்தான், வாங்கி வித்தேன். உள்ள பூந்தா பாக்க முடியும்? அவன் எங்கயோ இருக்கான். பில்லுல என் பேருதான் இருக்கு. நான்தான் மாட்டுவேன்."

நான் என் வீட்டுக்காரரைப் பார்த்தேன்.

"ஒன் அண்ணன். நீயே சொல்லு" என்றார் அவர். "நான் எதைச் சொன்னாலும் நாளைக்கு அது எந்தலையிலதான் வந்து விடியும்."

அண்ணன் அதற்குமேல் காத்திருக்கவில்லை. கூரை இறவாணத்தில் செருகியிருந்த கருக்கரிவாளை உருவி, மேல் மூட்டையை இழுத்துத் தள்ளித் தையலில் மாட்டி இழுத்தார். நூல் சரசரவென்று பிரிந்தது. நெல் நடையெங்கும் ஓடியது. அடுத்த மூட்டைக்கு அவர் திரும்புவதற்குள் நான் அதன்மேல் உட்கார்ந்துவிட்டேன்.

நியாயம் அநியாயம் என்றெல்லாம் அப்போது எதுவும் தோன்றவில்லை. அண்ணன் வண்டியை எடுத்துக்கொண்டு போய்விடுவார், நான் இந்த ஊரில்தான் இருக்கப்போகிறேன், விடிந்தால் குழாயடியில் அஞ்சலை அக்கா குடத்தோடு நிற்பார் என்பது மட்டும்தான் தோன்றியது.

"எழுந்திரு கலா."

"மாட்டேண்ணா."

"எழுந்திருடிங்கறேன்!"

அரிவாள் அவர் கையிலேயே இருந்தது. என்மேல் ஓங்கவில்லை. ஆனால் கீழே வைக்கவும் தோன்றாமல் நின்றார். என் பெண் அறை வாசலில் நின்று அழுதாள். என் வீட்டுக்காரர் வந்து அரிவாளை மெதுவாக வாங்கிக்கொண்டார். அண்ணன் வேட்டியை மடித்துக் கட்டினார்.

"எனக்குக் கூடப்பொறந்தது யாருமில்ல" என்று சொல்லிவிட்டு, சிதறிய நெல்லை மிதித்துக்கொண்டு வெளியே போனார்.

இத்தனைக்கும் மாடியறையில் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. விதை சாருக்கு ஒவ்வொரு வார்த்தையும் கேட்டிருக்கும். அவர் இறங்கி வரவில்லை. அன்று அண்ணன்மேல் வந்ததைவிட அவர்மேல்தான் எனக்குக் கோபம் அதிகமாக வந்தது.

காலையில் முழுக்கைச் சட்டையும் ஷூவுமாகப் படியிறங்கினார். மூட்டையைத் தாண்டி, எங்களைத் தாண்டி, தெருவுக்குப் போனார். ஆபீஸ் உதவியாளரும், சாட்சிக்கு வந்த தபால்காரரும் ரேஷன் கடைக்காரரும் அங்கே நின்றிருந்தார்கள். அவர்களோடு திரும்பிவந்து, திறந்திருந்த கதவைத் தட்டினார்.

"நான் விதை ஆய்வாளர். இந்த வீட்டுல இருக்கற நெல் விதையில மாதிரி எடுக்க வந்திருக்கேன்."

சிரிப்பதா அழுவதா என்று எனக்குத் தெரியவில்லை. என் வீட்டுக்காரர் "வாங்க சார்" என்றார், முன்பின் பார்த்திராதவரை அழைப்பது போல.

மாதிரி எடுப்பதாக எழுத்தில் முதலில் எங்களுக்கு அறிவிப்பு கொடுத்தார். தையலையும் சீலையும் அட்டையையும் சாட்சிகளைத் தொட்டுப் பார்க்கச் சொன்னார். பிறகு முனை கூரான பித்தளைக் குழாயை மூட்டையின் மேலும் நடுவிலும் அடியிலும் செருகி, கொஞ்சம் கொஞ்சமாக நெல் எடுத்தார். அதையெல்லாம் ஒன்றாகக் கலந்து, பங்கு பிரித்து, மூன்று துணிப்பைகளில் கட்டி, அரக்கு உருக்கி முத்திரை வைத்தார். ஒன்று ஆய்வுக்கூடத்துக்கு. ஒன்று கோர்ட் கேட்டால் கொடுப்பதற்கு அவர் பொறுப்பில். மூன்றாவதை என் வீட்டுக்காரர் கையில் கொடுத்தார். "இது உங்க பங்கு. பத்திரமா வச்சுக்குங்க." நெல்லை அவர் கையால் தொட்டு நான் பார்த்தது அன்றுதான். ஒவ்வொரு மணியையும் யாரோ பார்த்துக்கொண்டிருப்பது போலத் தொட்டார்.

கடைசியில் எழுதிக்கொண்டே சொன்னார், "நான் இந்த வீட்டு மாடியில வாடகைக்கு இருக்கேன், வித்தவர் இந்த வீட்டம்மாவோட அண்ணன். இதையும் எழுதிடறேன்."

"அதெல்லாம் எதுக்கு சார்?" என்றார் என் வீட்டுக்காரர். "கேஸுக்கு எடைஞ்சலால்ல போவும்?"

"நாளைக்கு இன்னொருத்தர் சொல்லித் தெரியக் கூடாதுங்க."

அந்த வாரமே மாடியறையைக் காலி செய்தார். சாட்சி வீட்டில் குடியிருக்கக் கூடாதாம். போகும்போது இரும்புப் பெட்டியை என் வீட்டுக்காரர்தான் வண்டியில் தூக்கி வைத்தார். காரைக்கால் பஸ் நிலையத்துக்குப் பின்னால் ஜன்னல் இல்லாத ஒரு அறை கிடைத்ததாகச் சொன்னார். நான் வெளியே வரவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டு நேரத்தில் என் பெண் மூன்று தட்டுக்குப் பதில் நான்கு தட்டு எடுத்து வைத்தாள். நான்காவதை நான் எடுத்து உள்ளே வைத்தேன்.

முளைப்புச் சோதனைக்கே இரண்டு வாரம் வேண்டும். நாற்றங்கால் அதுவரை காத்திருக்குமா? சில பேர் அந்தப் பக்கத்து ஊர்களிலிருந்து கிடைத்த விலைக்கு நாற்று வாங்கி நட்டார்கள். வாங்க முடியாதவர்கள் நிலத்தைச் சும்மா போட்டார்கள். அஞ்சலை அக்கா நிலம் சும்மாதான் கிடந்தது. சட்டம் நூற்றுக்கு எண்பது முளைக்க வேண்டும் என்கிறது. அதில் பாதிகூட வரவில்லை என்று ரிசல்ட் வந்தது. அதைச் சொல்ல விதை சார் ஊருக்கு வந்தார். எல்லோரும் எங்கள் வாசலில் கூடினோம்.

"அப்ப எனக்கு என்ன சார் கெடைக்கும்?" என்று அஞ்சலை அக்கா கேட்டார்.

"வித்தவருக்கு அபராதம் போடுவாங்கம்மா."

"அது சரி. எனக்கு?"

வழக்கம்போல ஏதாவது சொல்லித் தப்பிப்பார் என்று நினைத்தேன். நேராக அக்காவைப் பார்த்தார்.

"இந்தச் சட்டத்துல உங்களுக்கு ஒண்ணும் இல்லம்மா."

அஞ்சலை அக்கா அவரைத் திட்டவில்லை. "அப்ப எதுக்கு சார் இவளையும் இவ அண்ணனையும் பிரிச்சீங்க?" என்று மட்டும் கேட்டார். விதை சாரின் கைகள் பின்னால் போகப் பார்த்தன. பாதியில் நின்று, பக்கவாட்டில் தொங்கின. நுகர்வோர் கோர்ட்டுக்குப் போகலாம், இந்த ரிசல்ட் அங்கே உதவும், கூப்பிட்டால் தானும் வந்து சொல்வதாகச் சொன்னார். சொன்னபடி வந்தும் சொன்னார். அஞ்சலை அக்காவுக்கு இரண்டு வருஷம் கழித்துக் கொஞ்சம் கிடைத்தது. அதற்குள் குத்தகை வேறொருவர் கைக்குப் போயிருந்தது.

அவருக்கும் ஒன்றும் நல்லது நடக்கவில்லை. தான் குடியிருக்கும் வீட்டில் தானே எப்படி மாதிரி எடுக்கலாம், வேறு ஆய்வாளரை ஏன் அழைக்கவில்லை என்று மேலிடத்திலிருந்து விளக்கம் கேட்டார்கள். காரைக்காலில் இருந்த ஒரே விதை ஆய்வாளர் அவர்தான். பாண்டியிலிருந்து ஒருவர் வந்து சேரும்வரை அந்த மூட்டை பிரிக்காமல் இருந்திருக்குமா? அதை அவர் எழுதிக் கொடுத்தார். யாரும் பதில் போடவில்லை. பாண்டிக்கு மாற்றல் கேட்டு அவர் போட்ட மனுவும், வழக்கு முடியட்டும் என்று நின்றுபோயிற்று. கடை தமிழ்நாட்டில் இருந்ததால் காகிதமெல்லாம் அந்தப் பக்கத்துத் துறைக்குப் போய், அவர்கள்தான் வழக்குப் போட வேண்டியிருந்தது. தேதி வாங்கி, மறு தேதி வாங்கி, வருஷங்கள் போயின. திருநள்ளாற்றுக் கடைத்தெருவில் எப்போதாவது அவரைப் பார்ப்பேன். ஒருமுறை, "அந்தப் பையிலருக்கற நெல்லு இத்தனை வருஷத்துல செத்தே போயிருக்குமே சார், இனிமே அதை யார் முளைக்கவச்சுப் பாக்கறது?" என்று என் வீட்டுக்காரர் கேட்டார். "அது என் பொறுப்புல இருக்குங்க" என்றார். அவ்வளவுதான் பதில்.

அண்ணனின் உரிமத்தை நிறுத்திவைத்தார்கள். கடையை மூடிவிட்டு, கீழவாஞ்சூர்த் துறைமுகத்துக்கு நிலக்கரி லாரிகள் ஓட ஆரம்பித்தபோது அங்கே எடைமேடையில் வேலைக்குச் சேர்ந்தார். எங்கள் ஊர் வழியாகத்தான் பஸ்ஸில் போவார். இறங்க மாட்டார். என் பெண் வயதுக்கு வந்தபோது நானும் என் வீட்டுக்காரரும் தாம்பூலத்தோடு நேரில் போய் அழைத்தோம். அண்ணி வாங்கிக்கொண்டார். அண்ணன் கொல்லைப்பக்கம் போய்விட்டார். சடங்கன்று தாய்மாமன் மாலை போட வேண்டிய நேரம் வந்தபோது எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். என் சித்தப்பா மகன் எழுந்து போட்டான். பந்தலில் மாலை வாடுவதற்குள் நான் அடுப்படிக்குள் போய்விட்டேன்.

வழக்கு விசாரணைக்கு வந்தபோது எங்களுக்கும் சம்மன் வந்தது. கூண்டில் அண்ணன் நின்றார். மூட்டை எங்கள் வீட்டில் பிரிக்காமல் இருந்ததா என்று என்னைக் கேட்டார்கள். "இருந்துச்சுங்க" என்றேன். அண்ணன் நிமிர்ந்து பார்க்கவில்லை.

அடுத்து விதை சார் ஏறினார். தலை நன்றாக நரைத்திருந்தது. அண்ணனின் வக்கீல் எழுந்ததுமே, "நீங்க இந்தச் சாட்சியோட வீட்டுலயே குடியிருந்தவர்தானே?" என்று குரலை உயர்த்தினார்.

"ஆமாங்கய்யா. மாதிரி எடுத்த அன்னிக்கே அதை எழுதியிருக்கேன்."

நீதிபதி காகிதத்தைப் புரட்டிப் பார்த்துத் தலையசைத்தார். வக்கீலுக்கு மேற்கொண்டு கேட்க ஒன்றும் இல்லாமல் போயிற்று. ஆனால் அரசு வக்கீல் விடவில்லை. மறுபடி எழுந்து, "விதை கெட்டதுன்னு தெரிஞ்சேதான் இவர் வித்தாரு, அப்படித்தானே?" என்றார்.

"அது எனக்குத் தெரியாதுங்கய்யா."

"ஊரெல்லாம் பாதிக்கப்பட்டிருக்கு. ஒரு அதிகாரியா உங்களுக்கு என்ன தோணுது?"

"மூட்டையோட தையல் தொழிற்சாலையில போட்ட தையல்தான். நடுவுல பிரிச்சுத் தைச்ச அடையாளம் இல்ல. அதை நான் பாத்தேன். அதுக்கு மேல அவர் மனசுல என்ன இருந்துச்சுன்னு நான் பாக்கலங்க."

அரசு வக்கீல் எரிச்சலோடு உட்கார்ந்தார். அண்ணன் அப்போதுதான் தலையை நிமிர்த்தினார். தன்னைக் கடையில்லாதவனாக்கிய மனிதரை, முதல்முறையாகப் பார்ப்பவர்போலப் பார்த்துக்கொண்டே நின்றார்.

தீர்ப்பு சில வாரம் கழித்து வந்தது. தரம் குறைந்த விதையை விற்றது குற்றம், தெரிந்தே செய்ததாக நிரூபணம் இல்லை, அபராதம் மட்டும். அன்றைக்கும் நாங்கள் போயிருந்தோம். ஏன் போனோம் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. வீட்டில் இருக்க முடியவில்லை.

கோர்ட் வளாகத்தில் வேப்பமரத்தடியில் அண்ணன் எங்களை நோக்கி வந்தார். நிலக்கரித் தூசு படிந்து அவர் கை நகமெல்லாம் கறுத்துக் கிடந்தது. என்னெதிரே வந்து நின்றார்.

"காலைல ஏதாவது சாப்புட்டியா?" என்றார்.

"இல்லண்ணா."

"வா. எதுத்தாப்ல ஒரு மெஸ் இருக்கு." என் வீட்டுக்காரரைப் பார்த்து, "நீங்களும் வாங்க மாப்ள" என்றார்.

விதை சார் கொஞ்சம் தள்ளிப் பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு பஸ் நேரம் விசாரித்துக்கொண்டிருந்தார். அண்ணன் அவரிடமும் போனார்.

"சார், நீங்களும் வாங்க. ஒரு வாய் சாப்ட்டுட்டுப் போலாம்."

"வேணாங்க. நான் அரசாங்கத் தரப்புச் சாட்சி. உங்ககூட உக்காந்து சாப்பிடக் கூடாது."

"அதான் தீர்ப்பே வந்துடுச்சே சார். இனிமே என்ன இருக்கு?"

"அப்பீலுக்கு நாள் இருக்குங்க" என்றார் விதை சார்.

மெஸ்ஸுக்கு அவரும் வந்தார், தனியாக. பசித்திருக்க வேண்டும். எங்களைப் பார்க்காதவர்போல மூலையில் சுவரைப் பார்த்த மேஜையில் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தார். சட்டைக் காலர் நைந்து நூல் தொங்கியது. சாப்பாட்டை அவசரமில்லாமல், ஒவ்வொரு பருக்கையாகச் சேர்த்துப் பிசைந்து சாப்பிட்டார்.

அண்ணன் பெஞ்சில் தள்ளி உட்கார்ந்து, பக்கத்தில் ஓர் ஆளுக்கு இடம் விட்டுவைத்தார். கூட்டமான நேரம். உட்கார வந்த இரண்டு பேரிடம் ஆள் வருது என்று சொல்லி அனுப்பினார். நாங்கள் சாப்பிட்டு எழுந்திருக்கும்வரை அந்த இடம் அப்படியே இருந்தது.